ராயல் ஜார்ஜ் (1756–1782): அமைதியான காலையில், நங்கூரத்தில் நின்ற கப்பல் மூழ்கியது எப்படி?

நெய்தல்முகில்:

வணக்கம். பிரிட்டிஷ் கடற்படையின் 100 பீரங்கிக் கப்பல் ராயல் ஜார்ஜ் 1782 ஆகஸ்ட் 29 காலை, போர்ட்ஸ்மத் துறைமுகத்துக்கு வெளியே ஸ்பிட்ஹெட்டில் நங்கூரமிட்டு நின்றபோதே மூழ்கியது. ஏறக்குறைய 900 பேர் இறந்தார்கள். காரணமாக மூன்று விளக்கங்கள் கிடைக்கின்றன. கரைப்பக்கம் இருந்து வந்த காற்று அதைச் சாய்த்துவிட்டது என்பது ஒன்று. மரமெல்லாம் உளுத்துப்போய் உடலின் ஒரு பகுதியே பிய்ந்துகொண்டது என்பது இன்னொன்று. பழுது பார்ப்பதற்காகச் சாய்த்து வைத்தபோது அளவு மீறிவிட்டது என்பது மூன்றாவது.

எதை நம்புவது? துறையில் நிற்கிற கப்பலை வேண்டுமென்றே எப்படிச் சாய்ப்பார்கள்? தண்ணீர் உள்ளே வருவது தெரிந்தபிறகும் பீரங்கிச் சாளரங்களின் கதவுகளை ஏன் சாத்தவில்லை? இவ்வளவு பெரிய கப்பல் சில நிமிடங்களில் போய்விடுமா? அதற்கு முன் அந்தக் கப்பல் எந்தப் போர்களில் இருந்தது என்றும் தெரிந்தால் சொல்லுங்கள்.

ஆழிவாணன்:

கரைக்காற்றை முதலில் ஒதுக்கிவிடலாம். அது அக்காலத்துப் புகழ்பெற்ற கவிதை ஒன்றால் பரவிய விளக்கம். அன்று காலை காற்றும் அலையும் பொருட்படுத்தும் அளவுக்கு இல்லை. பாய்களும் விரிக்கப்படவில்லை. பாய் விரிக்காமல் நங்கூரத்தில் நிற்கும் மூன்றடுக்குக் கப்பலை இளங்காற்று கவிழ்க்காது.

நடந்தது இதுதான். அட்மிரல் ஹாவ் தலைமையில், முற்றுகையில் இருந்த ஜிப்ரால்டரை மீட்கப் போகும் படையோடு சேர ராயல் ஜார்ஜ் தயாராகிக்கொண்டிருந்தது. தளங்களைக் கழுவக் கடல்நீரை உள்ளே விடும் குழாய் ஒன்று அதில் உண்டு. பீப்பாய்க்குப் பொருத்தும் திருகு போன்றது அது. கப்பலின் அடியறையில், வலப்பக்கம், நீர்மட்டத்துக்குச் சுமார் 3 அடி கீழே கடலுக்குத் திறக்கும். உள்ளே கைப்பிடியைத் திருப்பினால் தொட்டியில் நீர் நிறையும். அங்கிருந்து மேலே இறைத்துக்கொள்வார்கள். இந்தக் குழாயைக் கழற்றிப் புதிது போட வேண்டியிருந்தது. உலர்துறைக்குக் கொண்டுபோனால் நாட்கள் போய்விடும், படையோ புறப்படக் காத்திருந்தது. அதனால் கப்பலை இடப்பக்கம் சாய்த்து, வலப்பக்கத்துக் குழாய் வாயை நீருக்கு மேலே கொண்டுவரத் தீர்மானித்தார்கள். அக்காலக் கப்பல்களில் இது வழக்கமான வேலைதான். கீழ்ப்பகுதியைச் சுரண்டவும், அதில் பொருத்திய செப்புத் தகட்டைப் பார்க்கவும் இப்படித்தான் சாய்ப்பார்கள்.

சாய்க்கும் முறையைப் பிழைத்து வந்த மாலுமி ஜேம்ஸ் இங்க்ரம் பின்னாளில் விளக்கமாகவே சொல்லியிருக்கிறார். இடப்பக்கத்துப் பீரங்கிகள் அத்தனையையும் போகும் மட்டும் வெளியே தள்ளினார்கள். வலப்பக்கத்துப் பீரங்கிகளைத் தளத்தின் நடுவுக்கு இழுத்து, ஒவ்வொன்றுக்கும் இரண்டு பக்கமும் ஒரு கப்பிக் கயிறு என இரண்டு போட்டுக் கட்டினார்கள். காலை 8 மணியளவில் கப்பல் சாய்ந்தாயிற்று. இடப்பக்கக் கீழ்த்தளச் சாளரங்களின் விளிம்புக்குக் கிட்டத்தட்டச் சமமாக நீர்மட்டம் வந்துவிட்டது. வெளியே தச்சர்கள் ஒரு மணி நேரம் போல வேலை செய்தார்கள்.

9 மணிக்குச் சற்று முன், ரம் பீப்பாய்களோடு லார்க் என்ற சுமார் 50 டன் சரக்குப் படகு வந்தது. அதைச் சாய்ந்து கிடந்த அதே இடப்பக்கத்தில் கட்டினார்கள். பீப்பாய்களை ஏற்றும் வேலைக்கு ஆட்களும் அந்தப் பக்கமே போனார்கள். அலை ஒவ்வொன்றுக்கும் சாளரம் வழியாக நீர் தெறித்து உள்ளே வந்தது. கீழ்த்தளத்தில் எலிகள் நீரில் ஓட, மாலுமிகள் அவற்றைத் துரத்தி விளையாடிக்கொண்டிருந்ததாக இங்க்ரம் சொல்கிறார். அதாவது தளத்தில் ஏற்கெனவே நீர் தேங்கியிருந்தது, அதை யாரும் ஆபத்தாக எடுத்துக்கொள்ளவில்லை.

தச்சர் எடுத்துக்கொண்டார். பணியிலிருந்த லெப்டினன்ட்டிடம் போய்க் கப்பலை நிமிர்த்த உத்தரவு கேட்டார், அந்த அதிகாரி மறுத்துவிட்டார். இரண்டாம் முறை போனபோதும் மறுப்புத்தான். அந்த அதிகாரி மோனின் ஹாலிங்பரி என்பது பரவலான கருத்து. அதன் பிறகு கேப்டன் மார்ட்டின் வாக்ஹார்ன் வரை செய்தி போய், நிமிர்த்தச் சொல்லி முடிவானது. அதற்கான முரசு ஒலிப்பதற்குள் கப்பல் போய்விட்டது.

கப்பலில் சுமார் 1,200 பேர் இருந்தார்கள். அவர்களில் 300 பெண்கள் வரையும் 60 குழந்தைகளும் உண்டு. கப்பல் புறப்படுமுன் மாலுமிகளைப் பார்க்க வந்த குடும்பத்தினர், வியாபாரிகள், மற்றவர்கள். பிழைத்தவர்கள் சுமார் 255. அவர்களில் பெண்கள் 11 பேர், குழந்தை ஒன்றே ஒன்று. ரியர் அட்மிரல் ரிச்சர்ட் கெம்பன்ஃபெல்ட் தன் அறையில் எழுதிக்கொண்டிருந்தார். சாய்ந்த கப்பலில் கதவுச்சட்டம் இறுகி, கதவு திறக்கவில்லை; அவரும் இறந்தார்.

சுக்கான்77:

ஆழிவாணன் சொன்னதோட ஒரு கைக்கணக்கு போட்டுப் பாருங்க, விஷயம் இன்னும் தெளிவாகும். கப்பலோட அகலம் 51 அடி 9½ அங்குலம், அதாவது 15.8 மீட்டர். பாதி 7.9. எடை இதே வகையைச் சேர்ந்த விக்டரிங்கற இன்னொரு கப்பல் மாதிரின்னு வெச்சு 3,500 டன்னு எடுத்துக்கறேன். நிமிரும் திறனைக் காட்டற உயரம், அதாவது எடை மையத்துக்கும் நிலைமாறு மையத்துக்கும் (கப்பல் சாயும்போது நீர் மேல தள்ளற விசை நடுக்கோட்டை வெட்டற புள்ளி) உள்ள இடைவெளி, 1.5 மீட்டர்னு வெச்சுக்கறேன். இந்த இரண்டும் என் அனுமானம்தான், அளவு கொஞ்சம் மாறினாலும் முடிவு மாறாது.

குழாய் வாய் 3 அடி ஆழத்துல இருக்கு. அதை நீர்மட்டத்துக்குக் கொண்டுவர 7 பாகை சாய்க்கணும். 7.9 மீட்டர் தூரத்துல 7 பாகைன்னா 96 செ.மீ., 3 அடிக்கு ஒரு விரல் கூட. ஆனா வலப்பக்கம் எவ்வளவு ஏறுதோ இடப்பக்கம் அவ்வளவு இறங்கும். பயணத்துக்கு நிறையச் சரக்கு ஏத்தின முதல்தரக் கப்பல்ல கீழ்த்தளச் சாளர விளிம்பு நீர்மட்டத்துக்கு மேல நாலரை அடி இருந்தா நல்ல அளவுதான். அதுல 3 அடி போச்சு. மிச்சம் ஒன்றரை அடி.

இப்ப தச்சரோட இடத்துல நின்னு பாருங்க. குழாய் வாய் நீர்மட்டத்துல இருந்தா வேலை நடக்காது. சின்ன அலை கூட துளைக்குள்ள போகும். இன்னும் ஒரு அடி, ஒன்றரை அடி மேல வேணும். அந்த ஒன்றரை அடியைக் கேட்டா, எதிர்ப்பக்கத்துல மிச்சமிருக்கிற ஒன்றரை அடியும் போயிடும். குழாயோட ஆழமும் சாளரத்தோட உயரமும் இவ்வளவு நெருக்கமா இருக்கிற கப்பல்ல, துறையில வெச்சு இந்த வேலையைக் கீழ்ச்சாளரங்களைத் திறந்துபோட்டு செய்யவே இடமில்லை. என்னைக் கேட்டா ஆபத்து காலை 8 மணிக்கே தீர்மானமாயிடுச்சு. ரம் படகு அதை வேகப்படுத்தினதுதான்.

பீரங்கிகளால இவ்வளவு சாய்க்க முடியுமான்னு சந்தேகம் வரும். முடியும். முதல்ல நீர்ல இறக்கினப்போ இதுக்குக் கீழ்த்தளத்துல 42 பவுண்டு குண்டு போடற பீரங்கி 28, நடுத்தளத்துல 24 பவுண்டு 28, மேல்தளத்துல 12 பவுண்டு 28, மேல இன்னும் 6 பவுண்டு 16. மொத்தம் 100. பெரிய பீரங்கி ஒண்ணு வண்டியோட மூணு டன்னுக்கு மேல. ஒரு பக்கத்துல மூணு தளத்துக்கும் சேர்த்து 42 பீரங்கி. அதையெல்லாம் 4 மீட்டர் உள்ள இழுத்து, மறுபக்கத்தை ஒரு மீட்டர் வெளிய தள்ளினா 600 டன்-மீட்டர் (எடையைத் தூரத்தால பெருக்கினது) கிட்ட வரும். 7 பாகை சாய்க்கத் தேவையானது 640. கணக்கு பொருந்துது.

அடுத்தது ரம். பத்து டன் பீப்பாயை மையத்துலேர்ந்து 5 மீட்டர் தள்ளி இடப்பக்கத்துல இறக்கினா 50 டன்-மீட்டர். அரைப் பாகைக்கு மேல சாயும். விளிம்பு 7 செ.மீ. இறங்கும். பருமல்ல (பாய் கட்டற குறுக்குமரத்துல) கப்பி கட்டித் தூக்கினா, தொங்கற பீப்பாயோட எடை பருமல் நுனியிலேயே இருக்கற மாதிரி. அது கப்பலுக்கு வெளிய, நல்ல உயரத்துல. அதோட ஆட்கள் நூறு பேர் அந்தப் பக்கம் போனா இன்னொரு 30.

கடைசியா, கொன்னது தளத்துல தேங்கின நீர். 8 பாகை சாய்ஞ்ச தளத்துல இடப்பக்க ஓரத்துல அரை மீட்டர் ஆழத்துக்கு நீர் நின்னா, ஆப்பு வடிவத்துல சுமார் மூன்றரை மீட்டர் அகலம் வரும். 45 மீட்டர் நீளத்துக்கு அது 40 டன். மையத்துலேர்ந்து 6 மீட்டருக்கு மேல தள்ளி இருக்கறதால 250 டன்-மீட்டர். பீரங்கிகளை நகர்த்தி உண்டாக்கின சாய்வுல ஐந்துல ரெண்டு பங்கு. அதுவும் கட்டிவைக்க முடியாத எடை. சாய்வு கூடக் கூட அது இன்னும் ஓரத்துக்கு ஓடும், ஓடினா சாய்வு கூடும், கூடினா அடுத்த சாளரம் முங்கும். முழங்கால் மட்டும் நீர்ங்கற கட்டத்துலேர்ந்து கவிழற கட்டம் வரை நிமிஷக் கணக்குதான். "எடை மையத்தைத் தாண்டிட்டது" அப்படின்னு சிலர் எழுதறது தப்பு. 7 பாகையில கப்பல் நிலையா நிக்கத்தான் செஞ்சது, ஒரு மணி நேரம் நின்னதே அதுக்குச் சாட்சி. நீர் உள்ள வந்தப்பறம்தான் அந்த நிலை போச்சு.

ஆழிவாணன்:

நல்ல கணக்கு. கதவுகளை ஏன் சாத்தவில்லை என்ற கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை, அதைச் சொல்லிவிடுகிறேன். சாளரத்துக்குள் பீரங்கியின் குழல் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. கதவு மேற்கீல் போட்டது; மேலிருந்து கீழே விழுந்து மூடும். குழல் நடுவில் இருக்கும்வரை மூடாது. மூட வேண்டுமானால் முதலில் பீரங்கியை உள்ளே இழுக்க வேண்டும். சாய்வை உண்டாக்கிய அதே ஏற்பாடுதான் கதவையும் அடைத்துக்கொண்டு நின்றது. அதனால்தான் இது இவ்வளவு கொடிய அமைப்பு.

உத்தரவு வந்தபின்னும் என்ன கஷ்டம் என்று பாருங்கள். வலப்பக்கப் பீரங்கிகளை நடுவிலிருந்து ஓரத்துக்குத் தள்ள வேண்டும். அது மேட்டை நோக்கி. இடப்பக்கப் பீரங்கிகளை உள்ளே இழுத்தாலும் மேட்டை நோக்கித்தான். நிமிர்த்துகிற எந்த அசைவும் ஏற்றத்தில்தான். 10 பாகைச் சரிவில் மூன்றரை டன் பீரங்கியும் வண்டியும் கீழே இழுக்கும் விசையே 600 கிலோ எடைக்கு மேல், உராய்வு தனி. ஈரத் தளத்தில் கால் ஊன்றவும் முடியாது. இங்க்ரமும் அவரது கூட்டாளியும் முரசுக்குக் காத்திராமல் ஓடிப்போய்த் தங்கள் பீரங்கியைத் தள்ளிப் பார்த்தார்கள், அசையவில்லை. அதன்பின் இங்க்ரம் வலப்பக்கச் சாளரம் வழியாக வெளியே ஏறினார். அவர் திரும்பிப் பார்த்தபோது ஒவ்வொரு சாளரத்திலும் தலைகள் நெருக்கியடித்துக்கொண்டிருந்தன. பக்கச் சுவரே மேல்கூரையாகிவிட்ட பிறகு அந்தச் சாளரங்கள் கிணற்றின் வாய் மாதிரி, கீழே கால் வைக்க ஒன்றும் கிடையாது. உள்ளே இருந்த காற்று நீரால் நெருக்கப்பட்டு அந்த வாய்கள் வழியே பீறிட்டது.

லார்க் படகு கவிழ்ந்த பாய்மரங்களின் கீழ் மாட்டிக்கொண்டது. அது கப்பலைக் கொஞ்ச நேரம் தாங்கியதாகச் சொல்கிறார்கள். கடைசியில் அந்தப் படகும் மூழ்கியது.

நெய்தல்முகில்:

மிக்க நன்றி, இருவருக்கும். அப்படியானால் மரம் உளுத்ததாக விசாரணை நீதிமன்றம் சொன்னது முழுப் பொய்யா? அந்தத் தீர்ப்பைத்தான் பல இடங்களில் அதிகாரபூர்வக் காரணமாகப் போடுகிறார்கள்.

மீகாமன்:

பொய் என்று சொல்ல நான் தயங்குவேன். முழுக் காரணம் என்று ஏற்கவும் மாட்டேன்.

கடலில் கப்பலை இழந்தால் பிழைத்த கேப்டன் விசாரணையை எதிர்கொள்ள வேண்டும் என்பது அக்கடற்படையின் விதி. வாக்ஹார்ன் மீதான விசாரணை 1782 செப்டம்பரில் வார்ஸ்பைட் கப்பலில் நடந்தது. வைஸ் அட்மிரல் பேரிங்டன் தலைமை. அளவுக்கு மீறிச் சாய்க்கவில்லை, எச்சரிக்கை எழுந்ததற்கும் மூழ்கியதற்கும் இடைப்பட்ட நேரம் மிகக் குறைவு, ஆகவே உடலின் முக்கியமான பகுதி ஏதோ விட்டுக்கொடுத்திருக்க வேண்டும், அதற்கு மரங்களின் பொதுவான அழுகல்தான் காரணம் என்று தீர்ப்பு. வாக்ஹார்னும் மற்றவர்களும் விடுவிக்கப்பட்டார்கள்.

அழுகல் இருந்ததற்கு ஆதாரம் உண்டு. வைஸ் அட்மிரல் மில்பேங்க், பிளிமத் உலர்துறையில் இந்தக் கப்பலைத் திறந்து பார்த்தபோது நல்ல மரமே தென்படவில்லை என்று சாட்சி சொன்னார். 1746-இல் கட்டத் தொடங்கிய கப்பல், வேலை பத்து ஆண்டு நீண்டது. 1763-க்குப் பிறகு நீண்டகாலம் ஒதுக்கி வைக்கப்பட்டு, அமெரிக்க விடுதலைப் போருக்காக மீண்டும் எடுக்கப்பட்டது. கீழ்த்தளத்தில் காற்றோட்டமில்லாமல் ஈரத்தில் கிடக்கும் ஓக் மரம் உளுக்கும். போதாததற்கு 1780-இல் அடிப்பகுதியில் செப்புத் தகடு பொருத்தினார்கள். கடல்நீரில் செம்பு பக்கத்தில் இருந்தால் இரும்பு ஆணிகள் அரிக்கப்படும். இந்தப் பிரச்சினையால்தான் 1780-களில் கடற்படை செம்புக் கலப்பு ஆணிகளுக்கு மாறியது.

ஆனால் தீர்ப்பின் தர்க்கத்தைப் பாருங்கள். "இவ்வளவு சீக்கிரம் மூழ்கியது, எனவே உடல் பிளந்திருக்க வேண்டும்" என்பதுதான் அடிப்படை. சுக்கான்77 போட்ட கணக்கு காட்டுவது, உடல் பிளக்காமலேயே அவ்வளவு சீக்கிரம் மூழ்க முடியும் என்பது. தளத்தில் தேங்கும் நீர் சாய்வை எவ்வளவு விரைவாகக் கூட்டும் என்று அந்தக் காலத்தில் எண்ணால் அறிந்தவர் வெகுசிலர். இரண்டாவது, இந்தத் தீர்ப்பு யாருக்கு வசதி? கடலில் இருக்கும் அதிகாரிகளுக்கு. பழி கப்பலைப் பராமரித்த கடற்படை வாரியத்துக்கும் துறைமுகப் பட்டறைக்கும் போகிறது. விசாரித்தவர்கள் எல்லோரும் கடல் அதிகாரிகள். எச்சரித்த தச்சர் பிழைத்து எடுக்கப்பட்டாலும் மறுநாளுக்குள் நினைவு திரும்பாமலே இறந்தார். ஹாலிங்பரி பிழைத்தார். தச்சர் இல்லாத விசாரணையில், எப்போது யார் எதை மறுத்தார்கள் என்பதற்கு உறுதியான சாட்சி குறைவு. இங்க்ரமின் விவரணம் பல ஆண்டு கழித்து வந்தது. அதை நம்பும்போது இதையும் நினைவில் வைக்க வேண்டும்.

என் கணிப்பு: மரம் அழுகியது உண்மை. குழாய் மாற்ற வேண்டிவந்ததற்கே பழமை காரணமாக இருக்கலாம். ஆனால் கப்பலை மூழ்கடிக்க அழுகல் தேவைப்படவில்லை, திறந்த கீழ்ச்சாளரங்களும் கீழ்ப்பக்கம் சேர்ந்த எடையும் போதும். சரியான வரிசை எது என்றால், சாய்க்கும் முன்பே இடப்பக்கக் கீழ்த்தளப் பீரங்கிகளை உள்ளே வைத்துக் கதவுகளைச் சாத்தி, இடுக்கில் எண்ணெய்ப் பஞ்சு அடைத்து நீர் புகாமல் செய்திருக்க வேண்டும். சாய்வுக்கான எடையை நடு, மேல்தளப் பீரங்கிகளாலும் குண்டுகளாலும் ஈடுகட்ட வேண்டும். அதற்கு நேரம் பிடிக்கும். சரக்குப் படகைச் சாய்வு முடியும்வரை பக்கத்திலேயே சேர்க்கக் கூடாது. வந்துவிட்டால் உயர்ந்த பக்கம் கட்ட வேண்டும். அங்கே தச்சர்கள் வேலை செய்ததால் இடமில்லை என்றால் காத்திருக்கச் சொல்ல வேண்டும். ஆள்களைப் பற்றியும் சொல்ல வேண்டும்: பார்வையாளர்களைக் கரைக்கு அனுப்பிய பின்பே சாய்க்க வேண்டும்.

மரக்கலம்:

நெய்தல்முகில் கேட்ட போர் வாழ்க்கைப் பகுதி விடுபட்டுப் போகிறது. அது சுருக்கமானதுதான், ஆனால் அதில் ஒரு போர் இந்த இழைக்கு நேராகவே தொடர்புள்ளது.

வுல்விச் பட்டறையில் ராயல் ஆன் என்ற பெயரில் தொடங்கி, ராயல் ஜார்ஜாக 1756 பிப்ரவரி 18-இல் நீரில் இறங்கியது. கீழ்த்தள நீளம் 178 அடி. 2,000 டன் அளவைத் தாண்டிய முதல் போர்க்கப்பல் என்ற பெயர் அதற்கு உண்டு.

1759 நவம்பர் 20, பிரான்சின் க்விபரான் விரிகுடா. பிரிட்டிஷ் படைத் தலைவர் அட்மிரல் ஹாக் கொடி பறந்தது ராயல் ஜார்ஜில். பிரெஞ்சுப் படை கான்ஃப்ளான் தலைமையில் பாறைகளும் மணல்திட்டுகளும் நிறைந்த விரிகுடாவுக்குள் ஒதுங்கப் பார்த்தது. மேற்கிலிருந்து புயல், சூழலை அறிந்த வழிகாட்டிகள் ஹாக்கிடம் இல்லை. அவர் பின்தொடர்ந்து உள்ளேயே நுழைந்தார். ராயல் ஜார்ஜ் சுட்டதில் பிரெஞ்சுக் கப்பல் சூப்பர்ப் மூழ்கியது. அதே மாலை, 74 பீரங்கிப் பிரெஞ்சுக் கப்பல் தெஸே, அதன் கேப்டன் கெர்செயின்ட் கீழ்த்தளச் சாளரங்களைத் திறந்து சுடத் துணிந்ததும் அலை அவற்றின் வழியே புகுந்து மூழ்கியது. பிழைத்தவர்கள் 22 பேர். எதிரில் நின்று மோதிய பிரிட்டிஷ் கப்பல் டோர்பேயிலும் நீர் புகுந்தது, கேப்டன் கெப்பல் சமயத்தில் காற்றுக்கு எதிர்முகமாகத் திருப்பிக் கதவுகளைச் சாத்தினார். புயலில் கீழ்த்தளக் கதவு திறப்பது எவ்வளவு ஆபத்து என்று இந்தக் கப்பலைச் சேர்ந்தவர்கள் எல்லோரும் கண்ணால் பார்த்த நாள் அது. இருபத்து மூன்று ஆண்டு கழித்து அதே வழியாகத்தான் நீர் வந்தது, அலை இல்லாத துறையில்.

பின்னர் 1780 ஜனவரி 16-இல் ராட்னி தலைமையில் செயின்ட் வின்சென்ட் முனைப் போரில், லாங்கரா தலைமையில் வந்த ஸ்பானியப் படையை நள்ளிரவைத் தாண்டியும் துரத்திய அந்தப் போரில், ராயல் ஜார்ஜ் இருந்தது. கெம்பன்ஃபெல்ட் இதற்கு வந்தது 1782-இல். அவர் அதற்கு முன் 1781 டிசம்பர் 12-இல் விக்டரியில் இருந்து, தம்மிடம் 12 கப்பல் மட்டும் இருக்க, பிரெஞ்சு அட்மிரல் தெ கிஷான் பாதுகாத்துவந்த சரக்குக் கப்பல் தொடரில் பலவற்றைக் கைப்பற்றியவர். கொடி சமிக்ஞை முறையைச் சீர்திருத்தியதில் முக்கியமானவரும் அவரே. கப்பலை விட அவரது இழப்புதான் கடற்படைக்குப் பெரிது என்று நான் நினைக்கிறேன்.

மாதிரி செய்கிறவர்களுக்கு ஒரு குறிப்பு: மூழ்கும் நிலையைக் காட்ட ஆசைப்பட்டால், இடப்பக்கம் சாய்ந்து, இடப்பக்கப் பீரங்கிகள் மூன்று தளத்திலும் முழுதாக வெளியே, வலப்பக்கம் ஒன்றும் வெளியே தெரியாமல் சாளரங்கள் காலியாக. பருமல்களில் பாய்கள் சுருட்டிக் கட்டியிருக்க வேண்டும். பல ஓவியங்கள் இதைத் தவறாக வரைகின்றன.

நெய்தல்முகில்:

கீழே கிடந்த சிதைவைப் பிறகு பார்த்திருப்பார்களே, அதிலிருந்து மரம் பிளந்ததா இல்லையா என்று தெரியவில்லையா?

மீகாமன்:

கவிழ்ந்தது சாய்வாக என்றாலும், அடியில் கிட்டத்தட்ட நிமிர்ந்தே உட்கார்ந்தது. ஆழம் சுமார் 65 அடி. பாய்மரங்கள் நீருக்கு மேல் நீட்டிக்கொண்டிருந்தன, பலர் அந்தக் கயிறுகளைப் பற்றித்தான் பிழைத்தார்கள். அந்தக் கப்பல் துறை நடுவில் வழித்தடத்துக்கே இடைஞ்சலாகிவிட்டது. 1783-இல் வில்லியம் ட்ரேசி கயிறு கட்டித் தூக்க முயன்றார். தமது முறையால் கப்பலைச் சிறிது தூரம் நகர்த்தியதாக அவர் எழுதினார். அது சரியென்றால், ஓராண்டுக்குப் பின்னும் இழுவை தாங்கும் அளவுக்கு உடல் சேர்ந்தே இருந்தது என்று பொருள். கீழே பெரிய பிளவு விழுந்திருந்தால் அது இயலாது. உளுத்த மரத்தின் தரப்பில் வாதாடுபவர்கள் இதற்குப் பதில் சொல்ல வேண்டும்.

பிறகு 1834 முதல் 1836 வரை சார்லஸ், ஜான் டீன் சகோதரர்கள் தாங்கள் உருவாக்கிய தலைக்கவசத்தோடு மூழ்கிப் பல பீரங்கிகளை எடுத்தார்கள். அங்கே வலை சிக்கிய இன்னொரு இடத்தைத் தேடிப் போய்த்தான் 1836-இல் மேரி ரோஸ் கப்பலைக் கண்டுபிடித்தார்கள். அதுவும் 1545-இல் அதே நீர்ப்பரப்பில் திறந்த சாளரங்களில் நீர் புகுந்து மூழ்கியது.

1839-இல் ராயல் எஞ்சினியர்ஸ் என்ற ராணுவப் பொறியியல் படையின் கர்னல் சார்லஸ் பேஸ்லி சிதைவை அகற்றும் வேலையை ஏற்றார். வெடிமருந்துப் பீப்பாய்களை முக்குளிப்பவர்கள் கொண்டுபோய் வைத்து, மின்கலத்தால் மேலிருந்து வெடிக்க வைத்தார்கள். சில வெடிப்புகளில் கரையில் கண்ணாடிகள் உடைந்தன. வேலை 1843 வரை நீண்டது. முக்குளிக்கும் கலைக்கு இதில் கிடைத்தவை நிறைய. ஜோடியாகவே இறங்க வேண்டும் என்ற நடைமுறை இங்கிருந்துதான் அறியப்படுகிறது. காற்றுக்குழாய் சிக்கியவர் அறுத்துக்கொண்டு மேலே வந்ததும், உடையில் காற்று குறைந்து நீர் அழுத்தியதால் ஏற்படும் காயம் மருத்துவர்களால் விவரிக்கப்பட்டதும் இங்கேதான். மீட்கப்பட்ட வெண்கலப் பீரங்கிகளின் உலோகம் லண்டன் நெல்சன் தூணின் மேல்பகுதிக்கு வார்க்கப்பட்டது.

உங்கள் கேள்விக்கு அதனால் பதில்: பேஸ்லியின் நோக்கம் வழித்தடத்தைச் சுத்தம் செய்வது. விலாச் சட்டங்களை எங்கே எப்படி பிளந்திருக்கின்றன என்று வரைந்து வைப்பது அவருக்கு வேலை இல்லை. நான்கு ஆண்டு வெடியில் அடிப்பகுதி சிதறியது. கப்பல் கிடந்த இடத்தில் அந்த விசாரணைக்குத் தேவையான மரச்சட்டங்கள் எதுவும் அதே ஒழுங்கில் மிஞ்சவில்லை. ஆகவே பீரங்கி, சாளரம், குழாய், படகு, நேரம் இவற்றின் சாட்சியும் கணக்கும்தான் நமக்கு இருக்கிற ஆதாரம். அவை திறந்த இடப்பக்கச் சாளரங்களையே காட்டுகின்றன.